இரவுப் பால்

பாட்டிலில் பெயர் மட்டும் போதாது சிஸ்டர்,
எடுத்த நேரத்தையும் எழுதுங்கள் என்றார் டாக்டர் ஷமீனா.
அன்றிலிருந்து ராயபுரத்தின் இந்த நாலாவது மாடியில்
ஃப்ரிட்ஜுக்கு இரண்டு தட்டு:
மேலே பகல், கீழே இரவு.

நிறத்தில் வித்தியாசமில்லை.
முகர்ந்துகூடப் பார்த்துவிட்டேன்.
ஆனால் ராத்திரி இரண்டு மணிக்கு எடுத்த பாலில்
கொஞ்சம் இருட்டு கரைந்திருக்குமாம்.
அந்தி சாய்ந்ததும் தாயின் மூளை சுரந்து
மார்புவரை அனுப்பிவைத்த சேதி:
தூங்கு, வெளியே இரவு.
அதைக் காலை பத்து மணிக்குக் கொடுத்தால்
பிள்ளையிடம் பொய் சொன்ன மாதிரி.

அஞ்சலாட்சியின் பிள்ளைக்கு இன்னும் பெயரில்லை.
முப்பதாவது வாரம். ஆயிரத்து நூற்றிருபது கிராம்.
உள்ளே இருந்தவரை
அம்மாவின் இரவு கொடி வழியே வந்துகொண்டிருந்தது.
அறுத்தோம்.
அதற்கப்புறம் டியூப்லைட்தான், அலாரம்தான்.
இந்த வார்டில் வைகறை கிடையாது, எற்பாடு கிடையாது,
யாமம் என்று எதைச் சொல்ல?
சிறுபொழுது ஆறும் சேர்ந்து ஒரே வெள்ளை.

எல்லோருக்குள்ளும் ஒரு கடிகாரம் இருக்கிறது சிஸ்டர்,
கண்ணுக்குப் பின்னால், இரண்டு பக்கத்து நரம்பும்
குறுக்கே வெட்டும் இடத்துக்கு மேலே,
அரிசிமணி அளவு.
சாவி கொடுக்க வேண்டாம்.
ஆனால் கொஞ்சம் மெதுவாக ஓடும்,
தினம் காலை வெளிச்சம் வந்து முள்ளைத் திருத்த வேண்டும்.
இவளுக்கு முள் இருக்கிறது,
மணி சொல்லத்தான் ஆளில்லை.

தலையாட்டினேன்.
பதினோரு வருட நைட் டூட்டி.
என் அரிசிமணியை எந்தக் கோழி கொத்தியதோ.
நாலு மணிக்கு உடம்பு சில்லென்று இறங்கும்,
ஸ்வெட்டருக்குள் யாரோ ஒருத்தியாகக் கொஞ்ச நேரம் இருப்பேன்.
மூன்று மணிக்குத் தின்ற பரோட்டாவை
என்ன செய்வதென்று தெரியாமல் கல்லீரல் முழிக்கும்.
அதற்கும் தனிக் கடிகாரமாம்.
மூளை ஒரு மணி சொல்ல, வயிறு ஒரு மணி சொல்ல
ஒரே உடம்பில் இரண்டு ஊர்.

இப்போதெல்லாம் ஏழு மணிக்கு விளக்கைக் குறைக்கிறோம்.
இன்குபேட்டர் மேல்
அஞ்சலாட்சியின் நீலப் புடவையை நாலாக மடித்துப் போர்த்துகிறேன்.
ஜன்னலுக்கு வெளியே தூங்குமூஞ்சி மரம்
யாரையும் கேட்காமல்
எப்போதோ இலையை மூடியிருக்கும்.

தேசிங்கு பகலில்தான் வருவான்.
காசிமேட்டிலிருந்து ஒரு மணிக்கே போட் கிளம்பிவிடும்.
போனில் அலாரம் வைத்ததே இல்லையாம்.
"அஞ்சு நிமிசம் முன்னாடியே முழிப்பு வந்துரும் சிஸ்டர்.
தடைக்காலத்துலயும் வரும்.
கடலுக்கே போவ முடியாது,
ரெண்டு மாசமும் சும்மா முழிச்சினு கெடப்பேன்."
சொல்லிவிட்டு, தான் ஏதோ தப்பு செய்ததுபோல் சிரித்தான்.

பதினெட்டாம் ராத்திரி.
மானிட்டரில் நூற்றைம்பதிலேயே நின்ற துடிப்பு
நூற்று நாற்பத்தைந்து.
நாற்பது.
முப்பத்தெட்டு.
அலாரம் அடிக்கவில்லை, நான்தான் பதறி எழுந்தேன்.
புடவையை விலக்கினால்
விரலகல மார்பு நிதானமாக ஏறி இறங்குகிறது.
இறங்கிய எண் விடியும்வரை அங்கேயே கிடந்து
ஆறு மணிக்குமேல் மெல்ல ஏறியது.

கோட்டை தேசிங்கிடம் காட்டினேன்.
மீன்வாடை போகாத விரலால் பள்ளத்தைத் தொட்டான்.
"வத்தம்."
மேட்டைத் தொட்டான்.
"வெள்ளம்."
அஞ்சலாட்சி எதுவும் சொல்லவில்லை,
நேரம் எழுதிய பாட்டிலை என்னிடம் நீட்டினாள்:
ஆறு பத்து. மேல் தட்டு.

ஒரு ராத்திரியை வைத்துச் சொல்ல முடியாது,
நாளைக்கும் பார்ப்போம் என்றார் டாக்டர்.

கறுப்புக் கண்ணாடி மாட்டிக்கொண்டு வெளியே வருகிறேன்,
வெயில் என் முள்ளைத் தொட்டுவிடக் கூடாதென்று.
மரம் எல்லா இலையையும் விரித்து நிற்கிறது.
பஸ் ஸ்டாப்பில் ஒருவர் மணி கேட்கிறார்.
கையில் வாட்ச் இருக்கிறது.
இருந்தும் கொஞ்சம் யோசித்துத்தான் சொல்கிறேன்.